விடை கொடுப்பவர்கள்

விடை என்ற சொல் தமிழில் கேள்விக்கான பதிலையும் குறிக்கும்; புறப்படுகிறவருக்குத் தரும் ஒப்புதலையும் குறிக்கும். ஊரை விட்டுப் போகிறவர் விடை பெறுகிறார், இருப்பவர் விடை கொடுக்கிறார். ஆகவே தமிழ் வழக்கில் பிரிதல் என்பது ஒருவர் தனியாகச் செய்து முடிக்கும் காரியம் ஆகாது. கொடுப்பவர் ஒருவர் வேண்டும். கொடுக்கும் மனமும் அவருக்கு வர வேண்டும். பிரிவைப் பற்றிய பேச்சு பெரும்பாலும் போகிறவரையே சுற்றி வருகிறது. வாசலில் நிற்பவரிடமிருந்து தொடங்கினால் அதே உணர்ச்சிகள் இன்னும் தெளிவாகத் தெரிகின்றன.

"போறேன்" என்று ஒருவர் சொன்னால் திண்டுக்கல் வட்டாரத்தில் எந்த வீட்டிலும் உடனே திருத்துவார்கள்: "போயிட்டு வர்றேன்னு சொல்லு." முக்குக் கடைக்குப் போகிற பிள்ளைக்கும் இதே விதி, கடல் கடக்கிறவருக்கும் இதே விதி. திருத்துகிறவர் வீட்டில் இருக்கப் போகிறவர் என்பதைக் கவனிக்க வேண்டும். திரும்பி வருவதாக ஒரு வாக்கைக் கேட்டு வாங்கிக்கொண்ட பிறகே அவர் வழி விடுகிறார். இழவு வீட்டில் மட்டும் இந்தச் சொல்லுக்கு இடமில்லை. அங்கே வந்தவர்கள் எதுவும் சொல்லாமல் எழுந்து போக வேண்டும். 'வர்றேன்' என்ற வாக்கு அந்த வீட்டுக்கு ஆகாது என்பது எல்லாருக்கும் தெரிந்த மரியாதை.

பள்ளிக்கூடங்களிலும் அலுவலகங்களிலும் நடக்கும் வழியனுப்பு விழாவுக்குப் 'பிரியாவிடை' என்று பெயர். விடை உண்டு, பிரிதல் இல்லை என்கிற முரண் அந்தச் சொல்லுக்குள்ளேயே இருக்கிறது. மதுரைச் சித்திரைத் திருவிழாவில் சுந்தரேசுவரரோடு ஒரே வாகனத்தில் எழுந்தருளும் அம்மனுக்கும் பிரியாவிடை என்றே பெயர். மீனாட்சி தனி வாகனத்தில் வருவாள். பிரியாவிடை சுவாமியின் பக்கத்திலேயே இருப்பாள். விடைபெறும் நாளைக்கு இப்படி ஒரு பெயர் வழங்குவது, பிரிவை அப்படியே ஏற்றுக்கொள்ள மனம் மறுப்பதன் அடையாளம்.

பிரிவைப் பகுத்தும் வகுத்தும் எழுதிய இலக்கணம் தமிழில் மிகப் பழையது. ஓதல், பகை, தூது, பொருள் முதலியவற்றைப் பிரிவின் காரணங்களாகத் தொல்காப்பியம் சொல்கிறது. படிப்பு, போர், அரச வேலை, சம்பாத்தியம் என்று இவற்றை இன்றைய சொல்லில் வைத்தால் பட்டியலில் மாற்றம் அதிகம் தெரியாது. அகத்திணைகளில் பிரிவுக்கு உரியது பாலை. பாலைக்குத் தனி நிலம் கிடையாது. முல்லையும் குறிஞ்சியும் மழை பொய்த்துத் திரிந்தால் அதுவே பாலை என்று சிலப்பதிகாரம் விளக்குகிறது. கொடைக்கானல் மலையின் மழை மறைவில் கிடக்கும் திண்டுக்கல் சமவெளியின் மானாவாரிக் காடுகளைக் கோடையில் பார்த்தவர்களுக்கு இந்த விளக்கம் உரை இல்லாமலே புரியும்.

ஐங்குறுநூற்றின் நான்காம் நூறு ஓதலாந்தையார் பாடிய பாலை. அதன் பத்துப் பகுதிகளின் தலைப்புகளை மட்டும் வரிசையாகப் படித்தாலே ஒரு பிரிவின் முழு நடப்பும் கண்ணில் நிற்கும். போக வேண்டாம் என்று தடுப்பது முதலில் வருகிறது. பிறகு செலவு, நடுவழி, வீட்டில் இருப்பவளின் இரக்கம், இளவேனில் வந்தும் அவன் வராதது, வரவுச் செய்தி என்று அது நகர்கிறது. மகளை அனுப்பிவிட்ட தாயின் இரக்கத்துக்குத் தனியாக ஒரு பத்து உண்டு. காதலனோடு உடன்போன பெண்ணுக்காக நற்றாயும் செவிலியும் புலம்பும் பாடல்கள் சங்க இலக்கியத்தின் மிகக் கனிந்த பகுதிகளில் சேரும். மகள் விளையாடிய இடமும் வளர்த்த கிளியும் அங்கே தாயின் கண்ணில் படுகின்றன. போனவள் நடக்கும் வழியைவிட அவள் இல்லாத வீடு அந்தப் பாடல்களில் பெரிதாகத் தெரிகிறது.

இந்த இலக்கணத்தில் 'செலவழுங்கல்' என்று ஒரு நுட்பமான இடம் உண்டு. புறப்படத் தீர்மானித்த தலைவன் போகாமல் நின்றுவிடுகிறான். இதைப் போகாமை என்று கொள்ளக் கூடாது, தலைவியைத் தேற்றிவிட்டுப் போவதற்காக அவன் தாழ்த்துகிறான் என்கிறது தொல்காப்பியம். போகிறவன் போவான் என்பது இருவருக்கும் தெரியும். ஆனாலும் ஒரு முறை நின்றாக வேண்டும். இன்றைக்கும் வாசலில் கார் காத்திருக்க, பை ஏற்றியான பிறகு ஒருவர் மறந்த சாமானை எடுக்க உள்ளே வந்தால் அப்படியே ஓடவிட மாட்டார்கள். உட்காரச் சொல்லி ஒரு சொம்புத் தண்ணீர் கொடுத்து, சற்று இருந்து போகச் சொல்வார்கள். சகுனத் தடைக்குப் பரிகாரம் என்று அதற்குக் காரணம் சொல்லப்படும். அந்த இரண்டு நிமிடத்தில் அம்மா மகனின் முகத்தை இன்னொரு தடவை பார்த்துக்கொள்கிறாள் என்பதுதான் நடக்கிற காரியம்.

ஐரோப்பிய மருத்துவம் ஊர் ஏக்கத்தை முதலில் ஒரு நோயாகவே பார்த்தது. 1688இல் பாசல் நகரில் யோகான்னஸ் ஹோஃபர் என்ற மருத்துவ மாணவர், தாயகம் விட்டு வெளியே வாழ்ந்த சுவிஸ் நாட்டவர்களிடம் கண்ட ஏக்கத்தைப் பற்றி ஆய்வேடு எழுதி, 'திரும்புதல்', 'வலி' என்ற இரண்டு கிரேக்கச் சொற்களைச் சேர்த்து 'நாஸ்டால்ஜியா' என்று பெயரிட்டார். இருபதாம் நூற்றாண்டில் ஜான் பௌல்பி, தாயைப் பிரிந்த குழந்தைகளை ஆராய்ந்து, முதலில் அழுது எதிர்த்தல், பிறகு நம்பிக்கை தளர்தல், கடைசியில் ஒட்டாமல் விலகுதல் என்ற மூன்று நிலைகளைச் சொன்னார். வெளிநாட்டில் வேலை செய்யும் அத்தா (அப்பா) இரண்டு வருடம் கழித்து ஊருக்கு வரும்போது, அவர் மடியில் ஏறாமல் அம்மாவின் முந்தானைக்குப் பின்னால் ஒளியும் குழந்தையைப் பல வீடுகள் பார்த்திருக்கின்றன. அந்த விலகல் குழந்தையின் குற்றமல்ல. குழந்தை பட்ட பிரிவின் மூன்றாம் நிலை அது.

திண்டுக்கல் நகரின் பேகம்பூர் தன் பெயரையே ஊர் விட்டு வந்த ஒரு பெண்ணிடமிருந்து பெற்றது. 1755இல் திண்டுக்கல் கோட்டையின் பொறுப்பு, அப்போது மைசூர்ப் படையில் தளபதியாக இருந்த ஹைதர் அலியிடம் வந்தது. அவருடைய தங்கை அமீருன்னிசா பேகத்தின் அடக்கத்தலம் பேகம்பூர் பெரிய பள்ளிவாசலில் இருக்கிறது. பிறந்த ஊருக்குத் திரும்பாமல் இந்த மண்ணிலேயே தங்கிவிட்ட அந்தப் பெண்ணின் பெயரை ஊர் எடுத்துக்கொண்டது. அதே காலத்தில் இன்னொரு பெண்ணும் இந்தச் சீமைக்கு அடைக்கலம் தேடி வந்தார். 1772இல் காளையார்கோவிலில் கணவர் முத்துவடுகநாதர் கொல்லப்பட்டபின், வேலுநாச்சியார் மகள் வெள்ளச்சியோடு சிவகங்கையை விட்டு வெளியேறி, விருப்பாச்சி பாளையக்காரர் கோபால நாயக்கரின் ஆதரவில் தங்கினார். வாசலில் நின்று விடை கொடுக்க எவரும் இல்லாத புறப்பாடு அது. ஹைதரின் படையுதவியோடு அவர் சிவகங்கையை மீட்டது 1780இல். ஒருத்தி திரும்பவே இல்லை, ஒருத்தி எட்டு ஆண்டு கழித்துத் திரும்பினாள். இரண்டு முடிவுகளையும் பார்த்த மண் இது.

வீட்டு வாசலில் நடக்கும் வழக்கங்களைப் பார்த்தால் அவை பெரும்பாலும் இருப்பவர்களுக்கான விதிகள். கிளம்புகிறவரை "எங்க போற?" என்று கேட்கக் கூடாது. படி இறங்கியவரைப் பின்னாலிருந்து கூப்பிடக் கூடாது. அவர் போன உடனே வீட்டைப் பெருக்கக் கூடாது, தலை குளிக்கக் கூடாது. அதெல்லாம் பிணம் எடுத்த வீட்டில் செய்கிற காரியம். போகிறவருக்கு உள்ள விதி, திரும்பிப் பார்க்காமல் போ என்பது ஒன்றுதான். கையைக் கட்டிப்போட்டுச் சும்மா இரு என்று சொல்லும் இந்தத் தடைகள், பயணம் போனவரின் வழியைக் காப்பதாக நம்பப்படுகின்றன. செய்ய ஒன்றுமில்லாமல் தவிக்கிறவர்களுக்கு இவை ஒரு பொறுப்பைத் தருகின்றன என்பதே இவற்றின் பயன்.

பேகம்பூர் போன்ற முஸ்லிம் குடியிருப்புகளில் இதே உணர்ச்சி வேறு சொற்களில் வெளிப்படும். கிளம்புகிறவர் சலாம் சொல்லி, கை கொடுத்து, "துஆ செய்ங்க" என்று பிரார்த்தனை கேட்டுக்கொள்வார். போகிறவர் வீட்டாரை அல்லாஹ்விடம் அமானிதமாக ஒப்படைக்க, வீட்டார் போகிறவரை அவ்வாறே ஒப்படைப்பது நபிவழியில் வந்த முறை. அமானிதம் என்றால் நம்பி ஒப்படைத்த பொருள். கேட்கும்போது குறையாமல் திரும்பத் தர வேண்டியது. மனிதர் மனிதருக்குத் தர முடியாத உறுதியை இரு பக்கமும் இறைவனிடம் கேட்டு வைக்கிறார்கள். மார்க்கச் சட்டம் பயணியை 'முசாபிர்' என்று தனியாக வகைப்படுத்தி, நான்கு ரக்அத் தொழுகையை இரண்டாகச் சுருக்கிக்கொள்ளச் சலுகை தருகிறது. தொலைதூரம் போகும் எண்ணத்தோடு ஊரின் கடைசி வீட்டைக் கடந்த பிறகே அந்தச் சலுகை தொடங்கும். தெருவில் நடக்கும் வரை அவர் இன்னும் ஊர்க்காரர்தான்.

விடைபெறுதல்களில் மிகவும் நேர்மையானது ஹஜ் பயணம் சொல்லுதல். போகிறவர் வீடு வீடாகப் போய்ப் பயணம் சொல்வார். கொடுக்க வேண்டிய கடனைத் தீர்ப்பார், தீராததை எழுதி வைப்பார். பேச்சுவார்த்தை இல்லாத பங்காளி வீட்டு வாசலிலும் போய் நிற்பார். "ஏதாவது தப்புதண்டா செஞ்சிருந்தா அல்லாவுக்காக மன்னிச்சிருங்க" என்று அவர் சொல்லும்போது மறுப்பது யாருக்கும் எளிதல்ல. கப்பலில் போன காலத்தில் திரும்புவது நிச்சயமில்லை. அந்தக் காலத்து மனநிலையை வழக்கம் இன்றும் விடவில்லை. ஜம்ஜம் நீரில் நனைத்த கஃபன் துணியை, இறந்தவரைப் போர்த்தும் துணியை, வாங்கி வந்து தன் மௌத்துக்கென்று பெட்டியில் வைத்துக்கொள்கிற ஹாஜிகளும் உண்டு. 'போறேன்னு சொல்லாதே' என்று மரணத்தின் பேச்சையே தள்ளி வைக்கும் தெருவில், மரணத்தை நேராக நினைத்து எல்லாக் கணக்கையும் முடித்துவிட்டுக் கிளம்பும் இந்த வழக்கமும் சேர்ந்து வாழ்கிறது. இரண்டிலும் மன்னிப்பையோ வழியையோ தர வேண்டியவர் ஊரில் இருப்பவர்தான்.

பெண்ணைப் புகுந்த வீட்டுக்கு அனுப்பும் வேளை பற்றிப் பேசாதவர் இல்லை. கையைப் பிடித்துக் கொடுத்து "கண் கலங்காமப் பாத்துக்கங்க" என்று சொல்லும்போது, அதுவரை கல்யாண வேலையில் ஓடிக்கொண்டிருந்த தகப்பனின் குரல் உடைகிறது. மறுவீடு, தலைத்தீபாவளி, தாய்வீட்டுப் பிரசவம் என்று திரும்பி வருவதற்கான நாள்களை வழக்கமே குறித்துக் கொடுத்திருப்பதால் அந்தப் பிரிவு தாங்கக் கூடியதாகிறது. வேடசந்தூர்ப் பக்கம் நூற்பாலை விடுதிகளுக்குப் பதினெட்டு வயதை ஒட்டிக் கிளம்பும் பெண்களுக்கு அப்படி ஒரு சடங்கும் இல்லை. விடியற்காலையில் ஒரு பையோடு வேனில் ஏறுகிறார்கள். அவர்களுடைய பிரிவும் பிரிவுதான். அதற்கு இன்னும் ஒரு முறை உருவாகவில்லை என்பது வருத்தம் தரும் உண்மை.

கடல் கடந்த பிரிவில் பெண்ணை உடன் அழைத்துச் செல்லும் வழக்கம் இல்லை என்று உரையாசிரியர்கள் பொருள் சொல்லும் நூற்பா ஒன்று தொல்காப்பியத்தில் இருக்கிறது. வளைகுடா வேலை அந்த விதிக்குப் புதிய உயிர் கொடுத்தது. 1970களில் எண்ணெய் விலை உயர்ந்து அங்கே கட்டுமான வேலைகள் பெருகியபோது தமிழகத்திலிருந்தும் ஆண்கள் கிளம்பினார்கள். குடும்ப விசாவுக்குக் குறைந்தபட்சச் சம்பளம் இவ்வளவு என்று அந்நாடுகள் வைத்திருக்கும் வரம்பைச் சாதாரணத் தொழிலாளி எட்ட முடியாது. கல்யாணமாகி இரண்டு மாதத்தில் கிளம்புகிறவர் இரண்டு வருடம் கழித்து லீவில் வருவார். வந்த நாளிலிருந்தே போகும் நாள் எண்ணப்படும். அந்த விடுமுறையின் கடைசி வாரத்தில் வீட்டில் சமையல் பெருகிப் பேச்சு குறையும்.

தொலைபேசி அரிதாக இருந்த நாளில் பேச்சை ஒலிநாடாவில் பதிந்து அஞ்சலில் அனுப்பினார்கள். நன்னியின் (பாட்டியின்) இருமலும் தெருவில் போகும் பால்காரரின் மணியும் சேர்ந்து பதிந்த அந்த நாடாவை ஒரு அறையில் எட்டுப் பேர் உட்கார்ந்து கேட்பார்கள். இன்று கைபேசியில் முகம் பார்த்துப் பேசலாம். அதனால் பிரிவு போய்விட்டது என்று சொல்வது அவசரம். குழந்தை விழுந்து அடிபட்டதைப் பார்க்க முடிகிறது, தூக்க முடிவதில்லை.

இந்தப் பிரிவின் மிகக் கடினமான இடம் மரணம். வளைகுடாவில் மௌத்தானவரை, அதாவது இறந்தவரை, பல நேரங்களில் அங்கேயே அடக்குகிறார்கள். உடல் முன்னால் இல்லாமல் இறந்தவருக்கான ஜனாஸா தொழுகையைத் தொழுவதை ஷாஃபி மத்ஹப் என்ற சட்ட மரபு அனுமதிக்கிறது. ஹனஃபி மத்ஹபில் அதற்கு இடமில்லை. கடற்கரை மரைக்காயர்கள் ஷாஃபிகள். திண்டுக்கல், மதுரைப் பக்கத்து ராவுத்தர்கள் ஹனஃபிகள். எனவே முகம் பார்க்காமல், மண் கொடுக்காமல், தொழுகையும் இல்லாமல், யாசீன் ஓதி துஆ கேட்பதோடு வீட்டார் அமைய வேண்டியிருக்கிறது. கணவனுக்குக் கடைசியாக விடை கொடுத்தது விமான நிலையத்துக் கண்ணாடிக் கதவுக்கு வெளியே என்று ஒரு பெண் நினைத்துக்கொள்ள வேண்டியதுதான். முடிவு கண்ணால் காணப்படாத இழப்பு நீண்ட நாள் ஆறாது என்று அமெரிக்க ஆய்வாளர் பாலின் பாஸ் 1970களிலிருந்து எழுதிவருவது இந்த வீடுகளுக்கு நன்றாகப் பொருந்தும்.

ஒரு ஊரே பிரிந்து போனால் விடை கொடுப்பவர் யார் என்ற கேள்வியை இலங்கை மலையகமான கண்டிச் சீமையின் வரலாறு எழுப்புகிறது. 1985 செப்டம்பரில் தனி மாவட்டமாகும் வரை திண்டுக்கல் மதுரை மாவட்டத்தில் இருந்தது. அந்த மதுரை மாவட்டமும் திருச்சி, சேலம், தஞ்சைச் சீமைகளும் பத்தொன்பதாம் நூற்றாண்டில் பஞ்சமும் கடனும் துரத்த, இலங்கையின் காப்பித் தோட்டங்களுக்கும் பிறகு தேயிலைத் தோட்டங்களுக்கும் ஆள் அனுப்பின. ஆள் சேர்க்கும் கங்காணி முன்பணம் கொடுத்துக் கூட்டிப்போவார். தொடக்கத்தில் மன்னார்க் கரையிலிருந்து மாத்தளை வரை காட்டு வழியே நடந்தார்கள். வழியில் செத்தவர்கள் ஏராளம். 1914இல் பாம்பன் பாலம் திறந்த பிறகு தனுஷ்கோடி வரை ரயில், அங்கிருந்து கப்பலில் தலைமன்னார். மண்டபம் முகாமில் தங்கவைத்து நோய் சோதித்த பிறகே கடல் தாண்ட விடுவார்கள். நாலு காசு சேர்த்துத் திரும்பிவிடலாம் என்றுதான் கிளம்பினார்கள். அவர்களுடைய பேரப்பிள்ளைகள் அங்கேயே பிறந்து, லயக் காம்பராக்கள் எனப்படும் தோட்டத்து வரிசை வீடுகளில் வளர்ந்து, அந்த மலைகளையே ஊர் என்று அறிந்தார்கள்.

1948இல் இலங்கையின் குடியுரிமைச் சட்டம் அவர்களை நாடற்றவர்களாக்கியது. 1964 அக்டோபர் 30இல் சிறிமாவோ பண்டாரநாயக்காவும் லால் பகதூர் சாஸ்திரியும் செய்த ஒப்பந்தம் 9,75,000 பேரைக் கணக்கில் வைத்தது. 5,25,000 பேரை இந்தியா ஏற்கும், 3,00,000 பேருக்கு இலங்கை குடியுரிமை தரும், மீதி 1,50,000 பேரைப் பற்றிப் பிறகு பேசலாம் என்று முடிவாயிற்று. 1974இல் இந்திரா காந்தியோடு செய்த ஒப்பந்தத்தில் அந்த மீதியைப் பாதிக்குப் பாதி பிரித்துக்கொண்டார்கள். முதல் ஒப்பந்தம் கையெழுத்தாகி இரண்டு மாதத்துக்குள், டிசம்பர்ப் புயலில் தனுஷ்கோடி அழிந்தது. முன்னோர் போன துறைமுகமே இல்லாமல் போக, திரும்பியவர்கள் ராமேசுவரத்தில் இறங்கினார்கள். ராமானுஜம் என்ற கப்பல் அவர்களை ஏற்றி வந்தது.

எந்தத் தொழிலாளியையும் கேட்டு இந்த எண்கள் முடிவாகவில்லை. ஒரு குடும்பத்தில் அண்ணன் இந்தியாவுக்கு எழுதிக் கொடுத்திருந்தால் தங்கை இலங்கைக்கு எழுதிக் கொடுத்திருப்பாள். தாயும் பிள்ளையும் கடலின் இரண்டு பக்கம் ஆனார்கள். மலையகத்தில் ரயிலைக் கோச்சி என்பார்கள். தலைமன்னாருக்குப் போன அந்த ரயிலுக்கு மக்கள் வைத்த பெயர் ஒப்பாரிக் கோச்சி. மலையக எழுத்தாளர் மு. சிவலிங்கம் தம் சிறுகதை ஒன்றுக்கு அதையே தலைப்பாக்கினார். ஒப்பாரி செத்தவர்களுக்குப் பாடுவது. உயிரோடு போகிறவர்களை வைத்து அதைப் பாடினார்கள் என்றால், "போயிட்டு வர்றேன்" என்ற சொல்லை அந்த மேடையில் எவரும் நம்பவில்லை என்று அர்த்தம். வாசலில் நின்று வழி விடும் தாய் அங்கே இல்லை; கையொப்பமிட்ட இரண்டு அரசுகள் இருந்தன. அரசால் கடவுச்சீட்டுக் கொடுக்க முடியும்; விடை கொடுக்க முடியாது.

வந்து சேர்ந்த இடத்துக்கு ஆவணங்களில் தாயகம் என்று பெயர். வந்தவர்களுக்குத் தாயகம் திரும்பியோர் என்று பெயர். அவர்களில் மிகப் பலர் அந்த மண்ணை முதல் முறையாக மிதித்தவர்கள். மண்டபம் முகாமிலிருந்து பல மாவட்டங்களுக்குப் பிரித்து அனுப்பப்பட்டார்கள். பலர் தெரிந்த வேலையைத் தேடி நீலகிரிக்குப் போனார்கள். கூடலூர், கோத்தகிரிப் பக்கம் 1968இல் அரசு தொடங்கிய தேயிலைத் தோட்டத் திட்டம், இன்று டான்டீ என்று அறியப்படுவது, அவர்களுக்காகவே உருவானது. தாத்தாவின் சொந்த ஊரைத் தேடிப் போனவர்களைச் சிலோன்காரர்கள் என்றார்கள். இலங்கையில் அவர்களை இந்தியாக்காரர்கள் என்றிருந்தார்கள்.

அங்கே தங்கியவர்களில் நாடற்றிருந்தவர்களுக்கு 2003இல் நிறைவேறிய சட்டத்தின் மூலம் இலங்கை குடியுரிமை கிடைத்தது. ராமேசுவரம் தலைமன்னார்க் கப்பல் அதற்கு முன்பே, 1980களில் போர் மூண்டபோது நின்றுபோனது. 2023 அக்டோபரில் நாகப்பட்டினத்திலிருந்து காங்கேசன்துறைக்குப் பயணிகள் கப்பல் விடப்பட்டது. ஒப்பாரிக் கோச்சியில் பிரிந்த அண்ணன் தங்கைகளில் உயிரோடு இருப்பவர்களுக்கு அப்போது எழுபது வயதை ஒட்டி ஆகியிருக்கும்.